ஆலங்குடாவில் நான்காயிரம் மீற்றர்

விலைமதிப்பற்ற அந்தப் பூச்சிக்குப் பதுர்தீன் முதலில் சொன்ன விலை பன்னிரண்டாயிரத்து ஐந்நூறு ரூபாய். அதில் ஐந்நூறு, விட்டுக்கொடுப்பதற்கென்றே சேர்த்தது.

அவரைக் குறை சொல்ல முடியாது. ஆலங்குடாவில் ஒரு மனிதர் உங்கள் பொருளைக் குனிந்து பார்த்து, மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் குனிந்தால், அவருக்கு அது வேண்டும் என்று அர்த்தம். வேண்டும் என்பவருக்கு விலை சொல்லாமல் நிற்பது மரியாதை இல்லை. அதிலும் வந்தவர், "நானா, இது விலைமதிப்பற்றது" என்று வேறு சொல்லிவிட்டார். முப்பது வருட வியாபாரத்தில், வாங்க வந்த ஒருவர் சரக்கைப் புகழ்ந்து பதுர்தீன் கேட்டது அதுதான் முதல் தடவை. அவர் வாய் தானாகவே விலையைச் சொல்லிவிட்டது.

பூச்சி இருந்த இடம் அவருடைய கூல் றூம். கடற்கரைக்குச் சற்று உள்ளே, தென்னைகளுக்கு நடுவில், நான்கு பாகைக் குளிரில் ஓடுகிற தகர அறை. மிஹ்லாரின் வள்ளங்கள் கொண்டுவரும் கணவாயை வாங்கி அதில் வைத்துக் கொழும்புக்கு அனுப்புவதுதான் பதுர்தீனின் பிழைப்பு. மிஹ்லாருக்கும் அவருக்கும் இடையில் எழுத்தில் எதுவும் கிடையாது. "எடுக்கிறேன்" என்றால் எடுப்பார். அச்சாரம் வாங்கினால், வாங்கியவன் வந்து தூக்கும்வரை சரக்கைக் கண்போலக் காப்பார். அந்த ஒரு பேரில்தான் கூல் றூம் நிறைந்தது. அதை வைத்துத்தான் பக்கத்து எத்தாளையில் புதிதாகக் கடை போட்ட ஃபஸ்லானை அவர் இதுவரை சமாளித்து வந்தார்.

பூச்சி அங்கே வந்தது சீஸ் வழியாக. பட்டத்தில் தொங்கிக்கொண்டு கடலில் சறுக்க வந்த ஒரு சுவிஸ்காரர், ஊரிலிருந்து அம்மிக்கல் அளவில் ஒரு சீஸ் கட்டியைக் கொண்டுவந்திருந்தார். மலைப்புல்லைக் காயவைத்துச் சுற்றிய கட்டி. அவர் தங்கிய கபானாக் குடிலின் குளிர்சாதனப் பெட்டிக்குள் அது நுழையவில்லை. "நாலு நாளைக்கு வச்சுக்கொள்ளுங்க" என்று பதுர்தீனிடம் கொடுத்தார். உதிர்ந்த புல்லை வீணாக்க மனமில்லாமல், பதுர்தீனின் மனைவி றம்லா அதைக் கூல் றூம் சுவரில் குழாய் நுழையும் துவாரத்தில் அடைத்துவிட்டாள். அந்தத் துவாரத்தால் குளிர் வெளியே போய்க்கொண்டிருப்பது அவளுக்கு நெடுநாள் எரிச்சல்.

நாலாம் நாள் சீஸின் மேல் ஒரு சாம்பல் நிறப் பூச்சி உட்கார்ந்திருந்தது. சிறகு இல்லை. இருந்த இடத்தில் பிய்ந்த துணி மாதிரி இரண்டு துண்டு. றம்லா விளக்குமாற்றை எடுத்தாள். சுவிஸ்காரர் குறுக்கே பாய்ந்து, படம் எடுத்து, உலகத்துக்குக் காட்டிவிட்டு, சீஸையும் விட்டுவிட்டு ஊருக்குப் பறந்துவிட்டார். உயர்ந்த மலைகளில் இரண்டு மூன்று சரிவுகளில் மட்டும் வாழும் அரிய அந்துப்பூச்சியின் பெண் அது என்றும், பெண்ணுக்குப் பறக்க வராது என்றும், ஒன்றுவிட்டு ஒரு வருடம்தான் கூட்டிலிருந்து வெளியே வரும் என்றும், இப்போது வெளியே வந்திருப்பது உலகத்திலேயே இது ஒன்றுதான் என்றும் அங்கிருந்து யாரோ ஒரு பேராசிரியர் பதில் எழுதினார். அந்தப் பதில் கொழும்பில் உயர்மலைச் சிற்றுயிர்ப் பாதுகாப்பு அதிகாரசபையின் கண்ணில் பட்டது.

இந்த அதிகாரசபையைப் பற்றி ஒரு வார்த்தை. மலைகள் பற்றிய ஏதோ ஒரு சர்வதேச உடன்படிக்கையில் நம் நாடும் கையெழுத்து வைத்தது. கையெழுத்து வைத்தால் ஒரு சபை வேண்டும். சபைக்குக் கட்டடம், வாகனம், நாற்பத்தொரு உத்தியோகத்தர் எல்லாம் வந்து சேர்ந்தன. உயிரினம் மட்டும் கிடைக்கவில்லை. பதினோரு வருடம் அவர்கள் பொறுமையாகக் காத்திருந்தார்கள்.

அவர்கள் அனுப்பிய வெளிக்கள உத்தியோகத்தர்தான் கண்ணாடி துடைத்த யோகேஸ்வரன். உடப்பு ஊர்ப் பிள்ளை. கருவாட்டுப் பேரத்தில் வளர்ந்தவர் என்பதால் பன்னிரண்டாயிரத்து ஐந்நூறு என்று கேட்டதும், தான் அரசாங்கம் என்பதை மறந்துவிட்டார்.

"என்ன நானா, ஒரு பூச்சிக்கா? நாலாயிரம்."

"சிறகு இல்லாத பூச்சி தம்பி. ஓடிப்போகாது. அதுக்கே ரெண்டாயிரம் கூடுதல்."

"சிறகு இல்லாட்டிக் குறையவெல்லோ வேணும்? குறைச் சாமான்."

"காலும் இல்லாட்டிக் குறைச்சுத் தாறன். எண்ணிப் பாருங்க, ஆறும் இரிக்கி."

ஏழாயிரத்தில் முடிந்தது. யோகேஸ்வரன் சட்டைப் பையிலிருந்து நூறு ரூபாய் எடுத்து அச்சாரமாகக் கொடுத்தார். கணவாய் இறக்கிக்கொண்டிருந்த மிஹ்லார் சாட்சி. கூல் றூமுக்குள் ஒரு பூச்சியை வைத்துக்கொண்டு ஏழாயிரம் சம்பாதித்த மகிழ்ச்சியில் பதுர்தீன் அன்று றம்லாவுக்குத் தொதல் இனிப்பு வாங்கிக்கொண்டு போனார்.

மறுவாரம் யோகேஸ்வரன் முகம் செத்து வந்தார்.

"நானா, வாங்க ஏலாதாம். மூண்டு இடத்தில விலை கேட்கோணுமாம்."

"மூண்டு இடத்திலயா? உலகத்தில இப்ப வெளிய இருக்கிறதே இது ஒண்டுதான் எண்டீங்களே?"

"ஒண்டா இருந்தாலும் மூண்டு விலைமனு வேணும். சுற்றுநிருபம் அப்படி."

பத்திரிகையில் விளம்பரம் வந்தது: சிறகற்ற பெண் அந்துப்பூச்சி, எண்ணிக்கை ஒன்று, வழங்குநர்களிடமிருந்து முத்திரையிட்ட விலைமனுக்கள் கோரப்படுகின்றன. சிலாபத்திலிருந்து ஒரு நிறுவனம், ஐம்பது பூச்சியைத் தொகை விலையில், ஒரு வருட உத்தரவாதத்தோடு தருவதாக எழுதியது. பதுர்தீனோடு சேர்த்து இரண்டு. மூன்றாவது வராததால் கொள்வனவு ஒத்திவைக்கப்பட்டது. அதுவரை பூச்சி விற்றவர் பொறுப்பில்.

"தூக்கி வெளிய போடுங்களன்" என்றாள் றம்லா.

"அச்சாரம் வாங்கிட்டன், புள்ள. மிஹ்லார் பாத்துக்கொண்டு நின்டவன். இன்டைக்குப் பூச்சியில வாக்கு மாறினா, நாளைக்குக் கணவாய்ல மாறுவான் எண்டுதான் கடற்கரை சொல்லும்."

வாங்க முடியாத பொருளை அரசாங்கம் பாதுகாக்கத்தான் செய்யும். அடுத்ததாக ஒரு நிபுணர் குழு வெப்பமானியோடு வந்தது. வெளியே முப்பது பாகை, உள்ளே நான்கு. ஆயிரம் மீற்றர் ஏறினால் ஆறரைப் பாகை குறையும் என்பது விஞ்ஞானம். கூட்டிக் கழித்து வகுத்துப் பார்த்ததில், பதுர்தீனின் கூல் றூம் கடல் மட்டத்திலிருந்து சரியாக நான்காயிரம் மீற்றர் உயரத்தில் இருப்பது தெரியவந்தது. அப்படியே அரச வர்த்தமானியிலும் வந்தது. அன்றோடு பிதுருதலாகலை நாட்டின் இரண்டாவது உயர்ந்த மலையாயிற்று. அந்த மலைக்கு அறிவித்தல் எதுவும் அனுப்பப்பட்டதாகத் தெரியவில்லை.

மலைக்கு வேலைக்கு வருகிறவர்களுக்கு உயர்மலைப் படி உண்டு, ஆயிரம் மீற்றருக்கு இவ்வளவு என்று. ஆகவே எல்லோரும் வந்தார்கள். பங்குனி வெயிலில் கம்பளிக் கோட்டும் கையுறையும் போட்டுக்கொண்டு, இடுப்பில் கயிறு கட்டி, இருவர் இருவராக, கூல் றூமின் ஒற்றைப் படியில் ஏறினார்கள். திடீரென்று உயரத்துக்குப் போனால் உடம்பு தாங்காது என்பதால், முதல் நாள் அடிவாரத்தில் தங்கி உடலைப் பழக்க வேண்டும் என்று விதி. அடிவாரம் என்பது பக்கத்துக் கடற்கரை ஹொட்டேல். சிற்றுண்டியோடு. ஒரு லிகிதர் அடிவாரத்திலேயே, கம்பளிக் கோட்டோடு மணலில் மயங்கி விழுந்தார். உயரத்தால் வந்த மயக்கம் என்று பதிவாயிற்று. அவர் படுத்திருந்த இடத்துக்கு அலை வந்து போனது.

சீஸ் ஆய்வுக்காக எடுத்துச் செல்லப்பட்டது. ஆய்வு பகல் சாப்பாட்டோடு முடிந்தது.

பிறகு பணிப்பாளர் நாயகம் கதிரவேலு தாமே மலைக்கு எழுந்தருளினார். உள்ளே இரண்டு நிமிடம் நின்றவர், மூக்கைப் பொத்திக்கொண்டு வெளியே வந்தார்.

"இது என்ன?"

"கணவாய் சேர்."

"நான்காயிரம் மீற்றரில் கணவாய் வாழ்வதில்லை."

"வாழல்ல சேர். மௌத்தாகித்தான் வந்தது. கடல்ல இருந்து. கடல் அந்தா, தெரியுது."

கதிரவேலு கடல் பக்கம் திரும்பவே இல்லை. "கடல் இங்கிருந்து நான்காயிரம் மீற்றர் கீழே இருக்கிறது. தெரிய வாய்ப்பில்லை. இவை அந்நிய ஆக்கிரமிப்பு இனங்கள். அப்புறப்படுத்துங்கள்."

இதுவரை சிரித்துக்கொண்டிருந்த பதுர்தீன் அப்போதுதான் சிரிப்பை விட்டார். இரண்டு லொறிக் கணவாய். பருவம் பாதிகூட முடியவில்லை. றம்லாவும் அவரும் ஊர் முழுக்க ரெஜிபோம் பெட்டி இரவல் வாங்கி, ஐஸ் கட்டி உடைத்துப் போட்டு, கிடைத்த விலைக்குத் தள்ளிவிட்டார்கள். கூல் றூம் வாசலில் மூன்று மொழிகளில் பலகை ஏறியது. மலையேறுவோர் கவனத்துக்கு என்று தொடங்கி, பாறை சரியலாம் என்று முடிந்தது.

மின்கட்டணம் பற்றிப் பதுர்தீன் கேட்டார்.

"மலைகள் இயற்கையாகவே குளிரானவை" என்றார் கதிரவேலு. "இயற்கைக்குக் கரண்ட் பில் கட்ட எங்களிடம் நிதி ஒதுக்கீடு இல்லை."

"அப்ப மெஷின நிப்பாட்டட்டுமா சேர்?"

"நிற்பாட்டினால் மலை உருகும். காலநிலை மாற்றத்தை ஏற்படுத்திய குற்றம். பிணை கிடையாது."

மிஹ்லார் மூன்று நாள் ஐஸ் பெட்டியில் சமாளித்துப் பார்த்தார். நாலாம் நாள் தலையைச் சொறிந்துகொண்டு வந்தார்.

"பதுர்தீன், ஒன்ட வாக்கில எனக்கு ஒரு குறையும் இல்ல. ஒன்ட மலையிலதான் குறை. புள்ளைகள் பட்டினி. ஃபஸ்லானுக்குத்தான் குடுக்கப் போறன்."

"பருவம் முடியுமட்டுமா?"

"கூல் றூம் இல்லாட்டி எந்தப் பருவமும் அப்பிடித்தானே மச்சான்."

அதுதான் பதுர்தீனுக்கு உறைத்தது. ஒரு பருவம் போனால் பிழைத்துக்கொள்ளலாம். மிஹ்லாரின் வள்ளம் ஒரு தடவை எத்தாளைக்குப் பழகிவிட்டால், ஆலங்குடாவுக்குத் திரும்பாது.

இதற்கிடையில் சரணாலயத் திறப்பு விழா வந்தது. கடற்கரையில் பந்தல். கோட்டுப் போட்ட உத்தியோகத்தர் முன் வரிசைக் கதிரைகளில் உருகிக்கொண்டிருக்க, கதிரவேலு ஒலிவாங்கியைப் பிடித்தார்.

"அன்பார்ந்த ஆலங்குடா மக்களே! பதினோரு வருடத்தில் எங்கள் பொறுப்பில் இருந்த ஓர் உயிரினம்கூட அழிந்ததில்லை. எங்கள் பொறுப்பில் உயிரினமே இருக்கவில்லை என்று சிலர் குறை சொல்கிறார்கள். நான் கேட்கிறேன், ஒன்றும் இல்லாமலே இவ்வளவு செலவு செய்து காட்டியவர்கள், ஒன்று கிடைத்தால் எவ்வளவு செய்வோம்! இன்று ஒரு பூச்சிக்கு நாற்பத்தொரு உத்தியோகத்தர். எந்த வல்லரசும் இந்த விகிதத்தை எட்டவில்லை. மலை எங்கே என்று கேட்கிறீர்கள். கல்லாலும் மண்ணாலும் ஆனதா மலை? இல்லை! மலை வர்த்தமானியால் ஆனது. இந்தப் பூச்சிக்குத் துணையாக ஓர் ஆண் பூச்சியையும் கொண்டுவருவோம். அதற்கான விலைமனுப் படிவம் அச்சுக்குப் போய்விட்டது. அது வரும்வரை இந்தப் பெண் காத்திருக்கும். காத்திருக்க வைப்பதில் எங்களை மிஞ்ச யாருமில்லை!"

கைதட்டல் ஓய்ந்தபோது றம்லா யோகேஸ்வரனின் காதோரம் வந்தாள். காலையில் கூல் றூமைக் கூட்டப் போயிருந்தாள்.

"தம்பி, பூச்சி மௌத்து."

"ஐயோ அக்கா, மெதுவா. உறங்குதாக்கும்."

"தட்டிப் பாத்தன். மல்லாந்து கிடக்கு. கால் ஆறும் மேல."

யோகேஸ்வரன் உள்ளே போய்ப் பார்த்தார். வெளியே வந்து கதிரவேலுவிடம் சொன்னார். கதிரவேலு அவரைப் பந்தலுக்குப் பின்னால் அழைத்துப் போனார்.

"இறந்தது என்று எழுத முடியாது. அதற்குப் படிவம் இல்லை. படிவம் வேண்டும் என்றால் ஏன் என்று கேட்பார்கள். இந்த இனம் ஒன்றுவிட்டு ஒரு வருடம்தான் வெளியே வரும் என்று பேராசிரியர் எழுதியிருக்கிறார் அல்லவா? ஓய்வில் இருக்கிறது என்று எழுதுங்கள். அடுத்த வருடம் முழுதும் ஓய்வு. சரணாலயம் பூட்டியே இருக்கட்டும்."

"படி, சேர்?"

"மலை இருக்கும்வரை படி இருக்கும்."

அன்று அஸர் தொழுகைக்குப் பிறகு பதுர்தீன் மிஹ்லாரைத் தேடிப் போனார். வள்ளத்தடியில் உட்கார்ந்து வலை பிரித்துக்கொண்டிருந்தார் மிஹ்லார். றம்லாவும் கூடப் போயிருந்தாள்.

"நீதானே சாட்சி" என்றார் பதுர்தீன். "சரக்கு மௌத்தாயிட்டு. இப்ப நான் தூக்கிப் போட்டா வாக்கு மாறினவனா?"

"பூச்சி உசிரோட இரிக்கி எண்டு வாங்கினவனே சொல்றானே. அப்ப சரக்கு இரிக்கி. நீ தள்ளினா நீ மாறினவன்." மிஹ்லார் நூலைப் பல்லால் கடித்தார். "அவன் தானா எழும்பி வேற கடைக்குப் போனா, அது வேற. ஒன்ட கையில குற்றம் இல்ல. அச்சாரமும் ஒனக்கு."

"வேற கடைக்கு எப்பிடிப் போவான்? ஊரில மலை இது ஒண்டுதானே."

"ஏன், எத்தாளையில இல்லையா?" என்றாள் றம்லா. "ஃபஸ்லான்ட பெட்டி மைனஸ் பதினெட்டில ஓடுதாம். கதவு திறந்தா வெள்ளை வெள்ளையாக் கொட்டுதாம். அவன்ட பக்கத்து வீட்டுப் பளீலா சொன்னா."

பதுர்தீன் அவளைப் பார்த்தார். பிறகு கைவிரலில் கணக்குப் போட்டார். விரல் போதாமல் மிஹ்லாரின் விரலையும் கடன் வாங்கினார்.

கதிரவேலு ஹொட்டேல் முற்றத்தில் அடிவாரம் பழகிக்கொண்டிருந்தார். முன்னால் இளநீர். பதுர்தீன் தொப்பியைச் சரிசெய்துகொண்டு தூரத்திலேயே நின்றார்.

"சேர், ஒரு பயம். அதான் வந்தன். எங்கட மலைய வேற ஆக்கள் பாத்துக் குறை சொல்றாங்க. எத்தாளை மலை இதவிட உயரமாம். நீங்க அங்க மட்டும் போயிராதீங்க சேர். அவன் ஃபஸ்லான் வாய்க்காரன்."

"எத்தாளை மலையா?"

"மலை எண்டா என்ன சேர், சின்னது. மைனஸ் பதினெட்டு. உள்ளுக்குப் பனி கொட்டும், அவ்வளவுதான்."

இளநீர் கீழே வைக்கப்பட்டது.

"பனியா? உண்மைப் பனியா?"

"கையால அள்ளலாம். ஆனா எங்கட மலையில உள்ள பாசம் அங்க வராது சேர்."

கதிரவேலு ஒரு தாளை எடுத்தார். உயர்மலைச் சேவையில் பதினோரு வருடம். அவர் பனியைக் கண்டதில்லை. தாளில் ஏதோ கூட்டினார், வகுத்தார். ஏழாயிரத்து முந்நூற்றுச் சொச்சம். ஆயிரத்துக்கு இவ்வளவு என்ற படி நாலிலிருந்து ஏழாக ஏறுவதைக் கண்ட அவருடைய பேனை, தானே அடிக்கோடு போட்டது.

மறுநாளே ஊர்வலம் எத்தாளைக்குப் போனது. முன்னால் ஜீப், நடுவில் கண்ணாடிப் பேழையில் ஓய்வில் இருக்கும் பூச்சி, பின்னால் கயிற்றோடு உத்தியோகத்தர். யோகேஸ்வரன் மட்டும் இறங்கி வந்தார்.

"நானா, நாங்கதான் விட்டுட்டுப் போறம். பேரம் முறிஞ்சது எங்களால."

"மிஹ்லாருக்கும் கேக்க இன்னொருக்காச் சொல்லுங்க தம்பி."

சொன்னார். பிறகு குரலைத் தாழ்த்தி, "நானா, அந்த நூறு ரூபாய் என்ட சொந்தக் காசு" என்றார்.

"தெரியும். வச்சுக்கொள்ளுங்க." பதுர்தீன் நீட்டினார்.

யோகேஸ்வரன் கையைப் பின்னால் கட்டிக்கொண்டார். "வாங்க ஏலாது. வாங்கினா, கொடுத்ததும் பதிவாகோணும். பதிஞ்சா, மூண்டு விலைமனு இல்லாம எப்பிடிக் கொடுத்தாய் எண்டு கேப்பாங்க."

எத்தாளையில் நடந்ததை விவரிக்கத் தேவையில்லை. ஃபஸ்லானின் பெட்டிக்குள் இருந்த பாரையும் இறாலும் கணவாயும் அந்நிய ஆக்கிரமிப்பு இனங்களாக வெளியே வந்தன. கதிரவேலு உள்ளிருந்து ஒரு பிடி வெள்ளையை அள்ளி நெற்றியில் வைத்துக்கொண்டதாகவும், கண் கலங்கியதாகவும் சொல்கிறார்கள். அது சுவரிலிருந்து சுரண்டிய உறைபனி. இறால் வாடை அடித்திருக்கும்.

அன்று பின்னேரம் ஃபஸ்லானின் லொறி ஆலங்குடாவுக்கு வந்து, பதுர்தீனின் வாசலில் பின்பக்கமாக நின்றது. கீழே தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"நானா."

"சொல்லு ஃபஸ்லான். மலை எப்பிடி?"

"நக்கலடிக்காதீங்க நானா. சரக்கு உருகுது. உங்கட பெட்டில இடம் தாங்க. கிலோவுக்கு எவ்வளவு எண்டு சொல்லுங்க."

பதுர்தீன் லொறியைச் சுற்றி வந்தார். ஒரு கணவாயைத் தூக்கிப் பார்த்தார். அவசரமே இல்லாமல் திரும்ப வைத்தார்.

"இடத்துக்குக் காசு வேணாம்."

"அப்ப?"

"மிஹ்லார்ட வள்ளத்துக்குக் கிட்ட வரப்படாது. இந்தப் பருவமும், அடுத்ததும்."

"அடுத்ததா? இது மட்டும் எண்டு வையுங்க நானா."

"கீழ தண்ணி போகுது பார்."

ஃபஸ்லான் பார்த்தான். "சரி. அடுத்ததும்."

கை கொடுத்தார்கள். லொறிக்கு அந்தப் பக்கம் நின்றிருந்த மிஹ்லார் இருமினார், தான் சாட்சி என்பதற்காக.

சரக்கு ஏறி முடிந்து, கூல் றூமின் சத்தம் பழையபடி கனத்தபோது, துவாரத்துக் குழாயடியில் றம்லா எதையோ பார்த்துக்கொண்டு நின்றாள்.

"இங்க பாருங்க. சத்தம் போடாதீங்க."

அவள் அடைத்த புல்லிலிருந்து ஒரு பூச்சி வெளியே வந்துகொண்டிருந்தது. அதே சாம்பல் நிறம். ஆனால் இதற்குச் சிறகு இருந்தது. நனைந்த கடதாசி போல ஒட்டியிருந்த சிறகு மெல்ல விரிந்தது. பலகைக்கும் வர்த்தமானிக்கும் நாற்பத்தொரு பேருக்கும் பின்னால், குழாயடியில் இருந்திருக்கிறது அந்த ஆண். அச்சுக்குப் போன படிவம் இன்னும் அச்சில்தான் இருந்தது.

பதுர்தீன் குனிந்து பார்த்தார். மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் குனிந்தார்.

"வாயத் திறக்காதீங்க" என்றாள் றம்லா. "ஒரு சதமும் சொல்லாதீங்க."

அவர் வாயை மூடிக்கொண்டார். அதற்காக அவர் பட்ட பாடு றம்லாவுக்கு மட்டும் தெரியும். அவள் கதவைத் திறந்தாள். பூச்சி படியில் ஒரு நிமிடம் இருந்தது; பிறகு தென்னைகளைத் தாண்டி, தன் பெண் போன எத்தாளைப் பக்கம் அல்ல, நேர் எதிரே, கடல் பக்கம் பறந்தது. அந்த வெக்கையில் அது வெகுதூரம் போயிருக்காது.

கூல் றூம் கதவின் உட்புறத்தில் சரக்கு வரவும் போக்கும் சோக்கால் எழுதுவது பதுர்தீனின் வழக்கம். அன்று எழுதினார்:

வந்தது: மலை ஒன்று. பூச்சி ஒன்று. அச்சாரம் ரூபாய் நூறு. கம்பளிக் கையுறை, இடது, ஒன்று.

போனது: மலை ஒன்று. பூச்சி ஒன்று. சீஸ் முழுவதும். கணவாய் லொறி இரண்டு. கரண்ட் பில் மாதம் ஒன்று.

இருப்பு: மிஹ்லாரின் வள்ளங்கள். ஃபஸ்லானின் வாக்கு. கையுறை.

"மற்றப் பூச்சி?" என்றாள் றம்லா.

"பூச்சி இன்னொன்று" என்று வந்ததில் எழுதினார். போனதிலும் எழுதினார். சற்று நேரம் பார்த்துவிட்டு, இரண்டையும் உள்ளங்கையால் துடைத்தார்.

யோகேஸ்வரனின் நூறு ரூபாய் கதவு இடுக்கில் செருகியிருக்கிறது. அவர் வந்து கேட்டால் பதுர்தீன் கொடுப்பார். கேட்க யோகேஸ்வரனுக்குப் படிவம் இல்லை. கணக்கு நூறு ரூபாய் வித்தியாசத்தில் நிற்கிறது.